ஜெனீவாவில் போடாத வாக்கு

ஐ.நா. மனித உரிமைப் பேரவையில் இலங்கை பற்றிய தீர்மானம் வாக்கெடுப்புக்கு வரும்போதெல்லாம் தமிழ்நாட்டில் இரண்டு வாரத்துக்குச் சூடு பறக்கும். அறிக்கைகள் வரும், கறுப்புக்கொடி ஏறும். பிறகு, 2014 முதல் பார்த்தால், இந்தியா வாக்களிக்காமல் ஒதுங்கிக்கொள்ளும். மறுநாளிலிருந்து ஒரு சமாதானம் சொல்லப்படும். ஓய்வுபெற்ற தூதர்கள் தொலைக்காட்சியில் சொல்வதும், நாளேடுகளின் தலையங்கங்கள் சொல்வதும், முத்துப்பேட்டைக் கடைத்தெருவில் டீ ஆற்றும் நேரத்தில் சொல்லப்படுவதும் கடைசியில் ஒன்றுதான். ஜெனீவாவில் என்ன நிறைவேறினாலும் முல்லைத்தீவில் ஒரு துரும்பும் அசையாது. மனித உரிமை என்பது மேற்கு நாடுகள் தமக்குப் பிடிக்காதவர்களை மிரட்ட வைத்திருக்கும் தடி. இந்தியாவைப் போல வலுத்த நாடு பக்கத்து நாட்டைச் சபையில் நிறுத்திக் கேள்வி கேட்காமல், தனியே கூப்பிட்டுப் பேசித்தான் தமிழருக்கு ஏதாவது செய்ய முடியும். கேட்பதற்கு அனுபவசாலியின் பேச்சுபோல இருப்பதால் இது எளிதில் எடுபடுகிறது. நடந்தவற்றோடு ஒப்பிட்டால் நிற்காது. பாக் நீரிணையின் இந்தக் கரையில் இருக்கிற நமக்கு அது நேர் எதிரானதும்கூட.

முதலில் வாக்குகளைப் பார்ப்போம். 2009 மே 27 அன்று, போர் முடிந்து பத்து நாள்கூட ஆகாத நேரத்தில், இலங்கை தானே எழுதிக் கொண்டுவந்த தீர்மானம் பேரவையின் சிறப்பு அமர்வில் நிறைவேறியது. ஆதரவு 29, எதிர்ப்பு 12, விலகல் 6. ஆதரித்த 29 நாடுகளில் இந்தியாவும் ஒன்று. 2012 மார்ச்சிலும் 2013 மார்ச்சிலும் அமெரிக்கா கொண்டுவந்த தீர்மானங்களை இந்தியா ஆதரித்தது. அவை கேட்டது மிகச் சிறியது: இலங்கை தானே அமைத்த நல்லிணக்க ஆணைக்குழுவின் பரிந்துரைகளை இலங்கையே நிறைவேற்றட்டும் என்பதுதான். 2014 மார்ச் 27 தீர்மானம்தான் முதன்முறையாக மனித உரிமை ஆணையரின் அலுவலகமே விசாரிக்கட்டும் என்றது. இந்தியா விலகியது; இறையாண்மைக்குள் ஊடுருவும் அணுகுமுறை என்று காரணம் சொன்னது. 2021 மார்ச் 23 தீர்மானம் சாட்சியங்களைத் திரட்டிப் பாதுகாக்கும் ஏற்பாட்டை உருவாக்கியது. இந்தியா விலகியது. 2022 அக்டோபர் 6 அன்று ஆதரவு 20, எதிர்ப்பு 7, விலகல் 20. அந்த இருபதிலும் இந்தியா. இந்த வரிசையில் ஒரு தெளிவான கோடு இருக்கிறது. இலங்கை தன்னைத்தானே விசாரித்துக்கொள்ளட்டும் என்றவரை இந்தியாவின் கை உயர்ந்தது. வெளியாள் ஒருவர் கோப்பைத் திறக்கட்டும் என்றதும் இறங்கிவிட்டது. இதை நடுநிலை என்று எப்படிச் சொல்வது? ஓர் அரசு தன் எல்லைக்குள் செய்ததை வெளியார் யாரும் விசாரிக்கக் கூடாது என்பது முழுமையான, உறுதியான ஒரு நிலைப்பாடு.

இந்த நிலைப்பாட்டை உலக அரங்கில் முதலில் உடைத்ததே இந்தியாதான் என்பது இந்த வாதத்தில் யாரும் நினைவூட்டாத செய்தி. 1946இல் தென்னாப்பிரிக்கா இந்திய வம்சாவளியினரின் நில உரிமையைச் சுருக்கிச் சட்டம் போட்டது. அவர்களில் பெரும்பகுதியினர் 1860 முதல் கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேறியவர்களின் வழிவந்தவர்கள். தமிழ்ப் பேசும் மாவட்டங்களிலிருந்து போனவர்கள் அதில் ஏராளம். 1914இல் சிறைவாசத்தில் நோயுற்று 16 வயதில் ஜோகன்னஸ்பர்க்கில் இறந்த வள்ளியம்மையின் தாய்வழி ஊர் நம் டெல்டாவின் தில்லையாடி. இன்னும் விடுதலைகூடப் பெறாத இந்தியா, ஐ.நா. பொதுச்சபையின் முதல் ஆண்டிலேயே இந்த வழக்கைக் கொண்டுபோனது. தென்னாப்பிரிக்கப் பிரதமர் ஸ்மட்ஸ் எழுந்து, இது எங்கள் உள்நாட்டு விவகாரம், உள்நாட்டு அதிகார வரம்பில் ஐ.நா. தலையிட முடியாது என்று சாசனமே சொல்கிறது என்று வாதாடினார். (சாசனத்தின் முகவுரையை எழுதுவதில் பங்குகொண்டவரும் இதே ஸ்மட்ஸ்தான்.) இந்தியக் குழுவின் தலைவர் விஜயலட்சுமி பண்டிட் அந்த வாதத்தை ஏற்கவில்லை. மனித உரிமை மறுக்கப்படும் இடத்தில் உள்நாட்டு விவகாரம் என்ற வேலி நிற்காது என்பதே இந்தியாவின் கட்சி. அந்த டிசம்பரில் 32 நாடுகள் இந்தியாவோடு நின்றன, 15 எதிர்த்தன. தீர்மானத்தைத் தென்னாப்பிரிக்கா மதிக்கவில்லை. இனவொதுக்கல் அதன்பிறகுதான் இன்னும் கொடுமையானது. அதற்காக இந்தியா சோர்ந்துபோகவில்லை. ஆண்டுதோறும் அந்தப் பொருளை மன்றத்தில் எழுப்பிக்கொண்டே இருந்தது. 2014இல் இந்தியா பேசியது 1946இல் ஸ்மட்ஸ் பேசிய கட்சி.

தனியே பேசி முடிப்பதே மேல் என்பவர்கள் அந்தப் பேச்சின் வரலாற்றைத் திறந்து காட்ட வேண்டும். 1948இல் சுதந்திர இலங்கை தன் முதல் வேலைகளில் ஒன்றாக மலையகத் தமிழரின் குடியுரிமையைப் பறித்தது. இந்தியா இதை எந்த உலக மன்றத்துக்கும் எடுத்துச்செல்லவில்லை. இருவர் உட்கார்ந்து பேசினார்கள். 1964இல் சாஸ்திரியும் சிறிமாவோவும் கையெழுத்திட்ட உடன்பாட்டில் 9,75,000 பேரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று முடிவானது. மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்வோம் என்று வைத்தார்கள். 1974இல் அவர்களை ஆளுக்கு 75,000 என்று பிரித்துக்கொண்டார்கள். பிரிக்கப்பட்டவர்களிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. தேயிலைத் தோட்டத்தில் மூன்று தலைமுறை பிறந்து வளர்ந்த குடும்பங்கள் மண்டபம் வழியாக வந்திறங்கின. ஒரே குடும்பத்தில் பாதிப்பேர் அங்கும் பாதிப்பேர் இங்கும் ஆனார்கள். அதே 1974இல்தான் கச்சத்தீவும் கைமாறியது. அதுவும் இருவர் பேசி முடித்ததே. நாடற்றவர்களாக எஞ்சியவர்களின் கதை முடிந்தது 2003இல். இலங்கை நாடாளுமன்றம் ஒரு சட்டம் செய்தது, ஐ.நா. அகதிகள் ஆணையம் துணைநின்ற பதிவு இயக்கத்தில் சில வாரங்களுக்குள் ஏறத்தாழ 1,90,000 பேர் குடியுரிமை பெற்றார்கள். இருதரப்புப் பேச்சு 55 ஆண்டுகள் இழுத்துக்கொண்டிருந்ததை முடித்துவைத்ததில் வெளியமைப்பு ஒன்றுக்குப் பங்கிருந்தது.

1987 ஜூலை இந்திய-இலங்கை ஒப்பந்தமும் இதே வகைதான். இந்தியா தன் கையெழுத்தை உத்தரவாதமாக வைத்தது. வடக்கும் கிழக்கும் இணைந்த மாகாணத்தை இலங்கை உச்ச நீதிமன்றம் 2006இல் பிரித்துவிட்டது. வட மாகாண சபைக்குத் தேர்தல் நடந்தது ஒரே ஒருமுறை, 2013இல். அதன் காலம் முடிந்த பிறகு மறுதேர்தல் வரவில்லை. இலங்கை அரசியலமைப்பின் பதின்மூன்றாவது திருத்தத்தை முழுமையாக நிறைவேற்றுங்கள் என்று இந்தியா ஒவ்வொரு சந்திப்பிலும் கேட்கிறது. கொழும்பும் ஒவ்வொரு சந்திப்பிலும் தலையசைக்கிறது. இத்தனைக்கும் பிறகு அமைதியான ராஜதந்திரத்தின் பலனை யாராவது எடுத்துக்காட்டினால் ஏற்றுக்கொள்ளலாம்.

அடுத்த வாதம் சீனா. நாம் அழுத்தினால் கொழும்பு பெய்ஜிங் பக்கம் சாய்ந்துவிடும் என்கிறார்கள். தேதிகளை அடுக்கிப் பார்த்தால் இந்த வாதம் தலைகீழாகிறது. 2009இல் இந்தியா இலங்கையை ஆதரித்தபோதே அம்பாந்தோட்டைத் துறைமுகம் சீனப் பணத்தில் எழும்பிக்கொண்டிருந்தது. 2014 மார்ச்சில் இந்தியா முதன்முறையாக விலகிநின்று உதவியது; அதே ஆண்டு செப்டம்பரிலும் நவம்பரிலும் சீன நீர்மூழ்கிக் கப்பல்கள் கொழும்பில் வந்து நின்றன. 2017இல் அம்பாந்தோட்டை 99 ஆண்டுக் குத்தகைக்குப் போனது. 2021 பிப்ரவரியில் கொழும்புத் துறைமுகத்தின் கிழக்கு முனையத்தை இந்தியாவுக்கும் ஜப்பானுக்கும் தருவதாக இருந்த உடன்பாட்டை இலங்கை முறித்தது. அடுத்த மாதமே இந்தியா மீண்டும் விலகிநின்றது. 2022 ஆகஸ்டில் சீனக் கண்காணிப்புக் கப்பல் யுவான் வாங் 5 அம்பாந்தோட்டைக்கு வந்தது. அக்டோபரில் இந்தியா மீண்டும் விலகிநின்றது. கொடுத்ததற்கு ஈடாக ஒன்றும் பெறவில்லை. இன்னொரு செய்தியும் உண்டு. அந்த 2022 அக்டோபர் 6 அன்றே, சீனாவின் ஜின்ஜியாங் பகுதியில் உய்குர் முஸ்லிம்களுக்கு நடப்பதை விவாதிக்கலாமா என்ற கோரிக்கை பேரவை முன் வந்தது. 17க்கு 19 என்ற கணக்கில் தோற்றது. பதினொரு நாடுகள் விலகின. அவற்றில் ஒன்று இந்தியா. சீனாவைப் பற்றிப் பேசவே வாய்ப்பு வந்த நாளில் வாயைத் திறக்காத நாடு, சீனாவுக்குப் பயந்துதான் ஈழத்தமிழர் விஷயத்தில் ஒதுங்கியது என்று நம்பச் சொல்கிறார்கள்.

உண்மைக் காரணம் வேறு. அதை ஒளித்துப் பேசுவதால்தான் சீனா இடையில் வருகிறது. வெளி விசாரணை என்ற வழக்கம் ஊன்றிவிட்டால் நாளை அது காஷ்மீருக்கு வரும் என்பதே தில்லியின் கவலை. கவலை பொய்யல்ல. 2018 ஜூனிலும் 2019 ஜூலையிலும் மனித உரிமை ஆணையரின் அலுவலகம் காஷ்மீர் பற்றி அறிக்கைகள் வெளியிட்டது. இந்தியா கடுமையாக மறுத்தது. ஆனால் கவனியுங்கள்: அந்த அறிக்கைகளுக்குப் பேரவையின் எந்தத் தீர்மானமும் தேவைப்படவில்லை. 2014இல் விலகிநின்றது 2018 அறிக்கையைத் தடுக்கவும் இல்லை. தன் வீட்டுக் கதவைக் காப்பதற்காக அண்டை வீட்டுப் புகாருக்குக் காது கொடுக்க மறுத்தும், வீட்டுக் கதவு காக்கப்படவில்லை. இந்த ஏற்பாட்டில் இழந்தவர்கள் மட்டும் நிச்சயமாகத் தெரிகிறார்கள். அவர்கள் வன்னியில் இருக்கிறார்கள்.

மேற்கின் இரட்டை வேடம் என்ற வாதத்தில் பாதிக்கு மேல் உண்மை. குவாண்டனாமோவை நடத்தும் அமெரிக்கா பிறருக்கு உரிமைப் பாடம் எடுக்கிறது. 2006இல் இந்தப் பேரவையை உருவாக்கும் பொதுச்சபைத் தீர்மானத்தை 170 நாடுகள் ஆதரித்தபோது எதிர்த்த நான்கில் அமெரிக்கா ஒன்று. பிறகு உள்ளே வந்தது, 2018இல் வெளியேறியது, திரும்ப வந்தது, 2025இல் மீண்டும் விலகியது. சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றம் ஆப்கானிஸ்தானில் தன் படையினர் செய்ததை விசாரிக்க முனைந்ததும் 2020இல் அதன் வழக்குரைஞர்மீதே தடை விதித்தது. காஸா விஷயத்தில் சொல்லவே வேண்டாம். இதெல்லாம் சரி. ஆனால் இதிலிருந்து நம்மவர்கள் எடுக்கும் முடிவு தவறு. பேரவை அமெரிக்காவின் கைப்பாவை என்றால் இரண்டு முறை உதறிவிட்டு அமெரிக்கா ஏன் ஓட வேண்டும்? 2018க்குப் பிறகு அமெரிக்கா இல்லாமலே பிரிட்டனும் கனடாவும் ஜெர்மனியும் மலாவியும் முன்னின்று 2021 தீர்மானத்தை நிறைவேற்றின. வலியவர்கள் வெறுக்கும் அமைப்பு என்பதே அதில் ஏதோ கடிக்கும் பல் இருப்பதற்குச் சாட்சி. அதற்கு மேல், அமெரிக்கா உரிமையை ஆயுதமாக்குகிறது என்றால் அதற்கு மாற்று இந்தியா அதை நேர்மையாகக் கையாள்வது. வாஷிங்டன் ஈராக்கில் செய்ததற்குக் கிளிநொச்சியில் காணாமல்போனவனின் தாய் ஏன் விலை கொடுக்க வேண்டும்?

இனி மிச்சமிருப்பது மிகப் பரவலான வாதம்: தீர்மானத்தால் எதுவும் நடக்காது. இதை டெல்டாவில் இருந்துகொண்டு சொல்வதுதான் எனக்கு வியப்பு. கோரையாறும் பாமணியாறும் வந்து முடிகிற முத்துப்பேட்டை, காவிரியின் கடைமடையிலும் கடைமடை. மேலே அணை கட்டியவர், என் மாநிலத்தில் பெய்த மழை என் விவகாரம் என்றார். நேருக்குநேர் பேசித் தீர்த்துக்கொள்ளலாம் என்று இருபது ஆண்டுக்கு மேல் பேச்சு நடந்தது; தண்ணீர் வரவில்லை. 1983இல் டெல்டா விவசாயிகள் சங்கம் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. 1990 ஜூன் 2 அன்று நடுவர் மன்றம் அமைந்தது. 1991இல் அது 205 டி.எம்.சி. தரச் சொல்லி இடைக்கால உத்தரவு போட்டது. கர்நாடகம் அதை முறியடிக்க அவசரச் சட்டமே கொண்டுவந்தது. உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டம் செல்லாது என்றது. இறுதித் தீர்ப்பு வர 2007 ஆனது, அரசிதழில் ஏற 2013 ஆனது, மேலாண்மை ஆணையம் அமைய 2018 ஆனது. இந்தப் பல ஆண்டுகளில் குறுவை எத்தனை முறை கருகியது! ஆனாலும், உத்தரவு நிறைவேறவில்லை, ஆகவே நடுவர் மன்றமே தண்டம், இனிமேல் பெங்களூருக்குப் போய்த் தனியே கெஞ்சிக்கொள்வோம் என்று கடைமடை விவசாயி ஒருவராவது சொல்லியிருக்கிறாரா? கீழே இருப்பவனுக்கு மூன்றாவது ஆள் தேவை என்பது அவருக்குத் தெரியும். ஜெனீவாவைப் பற்றிப் பேசும்போது மட்டும் நாம் ஏன் மேல்மடைக்காரரின் வாதத்தைக் கடன் வாங்குகிறோம்?

எதுவும் நடக்கவில்லை என்பதும் முழு உண்மையல்ல. பெரிய குற்றவாளி யாரும் தண்டிக்கப்படவில்லை. அது கசப்பான உண்மை. ஆனால் 2014 தீர்மானத்தால் நடந்த விசாரணையின் அறிக்கை 2015 செப்டம்பரில் வெளியானது. அடுத்த ஆண்டே இலங்கை வலிந்து காணாமலாக்கப்படுதலுக்கு எதிரான ஐ.நா. உடன்படிக்கையை ஏற்றது, காணாமல்போனோருக்கான அலுவலகத்துக்குச் சட்டம் செய்தது. அலுவலகம் பெயரளவுக்குத்தான் இருக்கிறது; இருந்தாலும் அழுத்தம் இல்லாமல் அந்தப் பெயரளவும் வந்திருக்காது. ஐரோப்பிய ஒன்றியத்தின் ஜி.எஸ்.பி. பிளஸ் வரிச்சலுகையை இலங்கை 2010இல் இழந்ததும் 2017இல் திரும்பப் பெற்றதும் மனித உரிமை உடன்படிக்கைகளின் பேரில்தான். 2020 பிப்ரவரியில் கோத்தபய ராஜபக்ச அரசு முந்தைய தீர்மானத்துக்கு இலங்கை கொடுத்த ஒப்புதலைத் திரும்பப் பெற்றது. செத்த காகிதத்திலிருந்து யாரும் விலகிக்கொள்வதில்லை. அதே மாதம் இலங்கை ராணுவத் தளபதியாக இருந்த சவேந்திர சில்வா அமெரிக்காவுக்குள் நுழையத் தடை விதிக்கப்பட்டபோது, ஐ.நா. ஆவணப்படுத்திய குற்றச்சாட்டுகளையே அமெரிக்கா காரணமாகச் சொன்னது. 2023இல் கனடா மகிந்த ராஜபக்சவையும் கோத்தபயவையும் தடைப் பட்டியலில் சேர்த்தது; 2025இல் பிரிட்டன் சவேந்திர சில்வாவையும் இன்னும் மூவரையும் சேர்த்தது. சாட்சியம் சேர்க்கப்பட்டு, பாதுகாக்கப்பட்டு, ஒரு நாள் ஏதோ ஒரு நீதிமன்றத்துக்குத் தயாராகிறது. 2021இல் இந்தியா ஆதரிக்க மறுத்தது இதைத்தான்.

ஐ.நா. வன்னியைக் கைவிட்டதே என்று கேட்பவர்களுக்கு நியாயமான கோபம். 2008 செப்டம்பரில் அதன் பணியாளர்கள் கிளிநொச்சியிலிருந்து வெளியேறினார்கள். கடைசி மாதங்களில் இறப்புக் கணக்கைக்கூட வெளியே சொல்லத் தயங்கினார்கள். இதை நமக்குச் சொன்னது யார்? 2012இல் வெளியான ஐ.நா.வின் சொந்த உள்விசாரணை அறிக்கை. 40,000 பேர்வரை இறந்திருக்கலாம் என்று 2011இல் சொன்னதும் ஐ.நா. செயலாளர் நாயகம் அமைத்த நிபுணர் குழுதான். தன் தோல்வியைத் தானே விசாரித்து அச்சிட்டு வெளியிட்ட அரசு இந்தப் பகுதியில் எது என்று தேடிப் பாருங்கள். பாதிக்கப்பட்டவர்கள் என்ன நினைக்கிறார்கள் என்பதையும் பார்க்க வேண்டும். 2017 பிப்ரவரியில் கிளிநொச்சிக் கந்தசாமி கோயில் முன்பு உட்கார்ந்த, காணாமல்போனோரின் தாய்மார்கள் கேட்பது சர்வதேச விசாரணை. 2025 ஜூனில் ஆணையர் வோல்கர் டர்க் யாழ்ப்பாணம் வந்தபோது செம்மணிப் புதைகுழி அருகே அவருக்காகக் காத்திருந்தது அந்த மக்கள். ஐ.நா.வால் பயனில்லை என்று இக்கரையில் இருந்து அவர்களுக்குப் பாடம் எடுக்க நமக்கு என்ன தகுதி?

கடைசியாக, இது ஈழத்தமிழர் பிரச்சினை மட்டுமே என்று நினைப்பதும் பிழை. வெளிக்கண் வேண்டாம் என்ற கொள்கை வீட்டுக்குள்ளும் செல்கிறது. முத்துப்பேட்டையிலும் அதிராம்பட்டினத்திலும் கூத்தாநல்லூரிலும் வளைகுடாவிலோ மலேசியாவிலோ ஆளில்லாத தெரு அரிது. கடவுச்சீட்டை முதலாளி பிடுங்கி வைத்துக்கொண்டால் கேட்க, புலம்பெயர் தொழிலாளர் உரிமைக்கான ஐ.நா. உடன்படிக்கை 1990இல் வந்தது. இலங்கை 1996இல் சேர்ந்தது. இந்தியா இன்றுவரை சேரவில்லை. வளைகுடா அரசுகளும் சேரவில்லை, நாம் சேர்ந்து என்ன பயன் என்பார்கள். ஆளை அனுப்பும் மிகப் பெரிய நாடு வெளியே நிற்கும்போது ஆளை வாங்கும் நாட்டை உள்ளே வா என்று யார் கூப்பிடுவது? அகதிகள் விஷயத்திலும் 1951 உடன்படிக்கைக்கு வெளியேதான் இருக்கிறோம். ஆனால் 1992இல் முகாம்களிலிருந்து ஈழத்தமிழர்களைத் திருப்பி அனுப்பியபோது, விரும்பித்தான் போகிறார்களா என்று சரிபார்க்க ஐ.நா. அகதிகள் ஆணையம் சென்னையில் அலுவலகம் திறக்க இந்தியா இடம் கொடுத்தது. இறையாண்மைக்கு எந்தக் குறைவும் வந்துவிடவில்லை.

சித்திரவதைக்கு எதிரான உடன்படிக்கையில் இந்தியா 1997 அக்டோபர் 14 அன்று கையெழுத்திட்டது. ஒப்புதல் இன்னும் தரவில்லை. 2010இல் மக்களவை ஒரு மசோதாவை நிறைவேற்றியது, அது காலாவதியானது. 2020 ஜூனில் சாத்தான்குளம் காவல் நிலையத்தில் அடிக்கப்பட்ட தந்தையும் மகனும் இறந்தபோது அந்தச் சட்டம் இல்லை. இதற்கிடையே 2018இல் 188 வாக்குகள் பெற்று இந்தியா மனித உரிமைப் பேரவைக்கு உறுப்பினரானது. தமிழ்நாட்டின் 39 மக்களவை உறுப்பினர்களும் இரண்டைக் கேட்க வேண்டும். இலங்கை பற்றிய வாக்கெடுப்பு அடுத்து வந்தால் இந்தியா ஆதரிக்க வேண்டும். சித்திரவதை உடன்படிக்கைக்கு ஒப்புதல் தர வேண்டும். இரண்டாவதற்குப் புதிதாக எதையும் எழுதக்கூட வேண்டாம். சட்ட ஆணையம் தன் 273ஆம் அறிக்கையோடு மசோதாவின் வரைவை இணைத்து 2017 அக்டோபரிலேயே மத்திய அரசிடம் கொடுத்துவிட்டது.